ஃப்ளக்ஸ் கெப்பாசிட்டர்: அந்தப் பெட்டிக்குள் என்னதான் இருக்கிறது?

கேள்வி இதுதான்: ‘பேக் டு த ஃபியூச்சர்’ படத்தில் காரைக் காலம் தாண்டி அனுப்பும் ஃப்ளக்ஸ் கெப்பாசிட்டர் எப்படி வேலை செய்கிறது? 88 மைல் வேகமும் 1.21 ஜிகாவாட்டும் எதற்கு? இதில் கொஞ்சமாவது உண்மையான இயற்பியல் உண்டா, எல்லாமே கதையா?

பெட்டிக்குள் என்ன நடக்கிறது என்று படம் சொல்லவே இல்லை. 1985, 1989, 1990 என்று மூன்று பாகம் எடுத்தார்கள், மூன்றிலும் சொல்லவில்லை. ‘காலப்பயணத்தைச் சாத்தியமாக்குவது இதுதான்’ என்று டாக்டர் எமெட் பிரவுன் பெட்டியைக் காட்டுவார், அத்தோடு சரி. ஆனால் அந்தப் பெட்டிக்கு வெளியே இருப்பதையெல்லாம் எண்ணாகவே கொடுத்துவிட்டார்கள். எவ்வளவு வேகம், எவ்வளவு மின்சாரம், என்ன எரிபொருள், எந்தத் தேதி, எத்தனை மணி என்று எல்லாம் இருக்கிறது. எண் இருந்தால் கணக்குப் போடலாம். மின்னியல் பாடம் எடுத்தே காலத்தை ஓட்டியவன் நான், எனக்கு இந்தப் படம் பிடித்ததே அதனால்தான்.

முதலில் பெயர். கெப்பாசிட்டர் நம் எல்லோர் வீட்டிலும் இருக்கிறது. சீலிங் ஃபேன் மெதுவாகச் சுற்றினால் எலக்ட்ரீஷியன் வந்து மேலே கையை விட்டுத் தீப்பெட்டி அளவில் ஒரு கறுப்பு டப்பாவைக் கழற்றி, ‘கன்டென்சர் போயிருச்சு சார்’ என்பாரே, அதுதான். பெரும்பாலும் 2.5 மைக்ரோஃபாரட் என்று அச்சடித்திருக்கும். மின்னூட்டத்தைச் சேர்த்து வைத்து, கேட்கும்போது சட்டென்று விடுவது அதன் குணம். ஃப்ளக்ஸ் என்பது பாய்வு, பாயம். காந்தப்பாயம், மின்பாயம் என்று பாடப்புத்தகத்தில் படித்திருப்போம். இரண்டு சொல்லும் நிஜம், சேர்த்தால் மட்டும் அர்த்தம் இல்லை. ‘பாயத்தைச் சேமித்து வைக்கும் பெட்டி’ என்று இழுத்துப் பிடித்துப் பொருள் சொல்லலாம். காலத்தின் பாய்வைத் தேக்கி வைத்து ஒரே நொடியில் திறந்துவிடுகிறது என்று ரசிகர்கள் சொல்வது இப்படி வந்ததுதான். கேட்க அழகாக இருக்கிறது, ஆனால் படத்தில் அப்படி ஒரு வரி கிடையாது.

கதைப்படி 1955 நவம்பர் 5 அன்று பிரவுன் கழிவறைத் தொட்டிமேல் ஏறி நின்று சுவரில் கடிகாரம் மாட்டப் போகிறார். வழுக்கி விழுகிறார், கைகழுவும் தொட்டியின் விளிம்பில் தலை மோதுகிறது. மயக்கம் தெளியும்போது மனக்கண்ணில் ஒரு படம்: ஆங்கில ஒய் எழுத்து வடிவில் மூன்று குழாய்கள் நடுவில் வந்து சேர்கின்றன. அதைச் செய்து முடிக்க 30 ஆண்டும் குடும்பச் சொத்து முழுவதும் கரைந்துபோகின்றன. திரையில் நாம் பார்ப்பதும் அவ்வளவுதான். கண்ணாடி போட்ட பெட்டி, மூன்று குழாய், நடுவை நோக்கி ஓடும் வெளிச்சம்.

எழுதியவர்கள் ராபர்ட் ஸெமெக்கிஸும் பாப் கேலும். ஆரம்பத்தில் எழுதிய திரைக்கதையில் கால இயந்திரம் கார் இல்லை. ஃபிரிட்ஜ் மாதிரி ஒரு பெட்டி. அதை அணுகுண்டுச் சோதனை நடக்கும் இடத்துக்குத் தூக்கிக்கொண்டு போய் வெடிப்பிலிருந்து சக்தி எடுப்பதாகக் கதை. படம் பார்த்துவிட்டுப் பிள்ளைகள் வீட்டு ஃபிரிட்ஜுக்குள் ஏறி மாட்டிக்கொண்டால் என்ன செய்வது என்ற பயமும் சேர்ந்து அதைக் கைவிட்டார்கள். கார் ஆக்கியது கதைக்கு நல்லதாகப் போயிற்று. ஃபிரிட்ஜ் என்றால் இருந்த இடத்திலேயே மறையும். கார் என்றால் ஓடி வேகம் பிடிக்க வேண்டும், அதற்கு நீளமான சாலை வேண்டும், வழியில் எதுவும் குறுக்கே வரக்கூடாது. டென்ஷன் தானாக வந்துவிடுகிறது.

அந்தக் கார் டிலோரியன் டிஎம்சி-12. வட அயர்லாந்தில் பெல்ஃபாஸ்ட் பக்கத்தில் டன்மரி என்ற இடத்தில் 1981, 1982-இல் சுமார் 9,000 கார்கள் செய்து, கம்பெனி மூழ்கிவிட்டது. பெயிண்ட் அடிக்காத ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் உடம்பு, இறக்கை மாதிரி மேலே தூக்கும் கதவு. பின்பக்கம் 2.85 லிட்டர் வி6 இன்ஜின். அமெரிக்காவில் விற்ற வண்டியில் அது கொடுத்தது 130 குதிரைத்திறன்தான். பார்க்க ராக்கெட், ஓட்டினால் சாதா கார் என்று அப்போதே கேலி உண்டு. அந்தக் காலத்து அமெரிக்க விதிப்படி அதன் ஸ்பீடாமீட்டர் 85 மைலோடு நின்றுவிடும். படத்துக்கு வேண்டியதோ 88! கூடுதலாக டிஜிட்டல் எண் காட்டும் ஒரு டப்பாவை டாஷ்போர்டு மேல் வைத்துச் சமாளித்தார்கள்.

ஏன் 88? இயற்பியல் காரணம் எதுவும் இல்லை. மனதில் நிற்கும், திரையில் பார்க்க நன்றாக இருக்கும், அவ்வளவுதான். மணிக்கு 141.6 கிலோமீட்டர், அதாவது நொடிக்கு 39.3 மீட்டர்.

அடுத்தது 1.21 ஜிகாவாட். படத்தில் இதை ‘ஜிகோவாட்’ என்று உச்சரிப்பார்கள், திரைக்கதையில் எழுதியிருந்ததே அப்படித்தான். நம் கணக்கில் 121 கோடி வாட். டிலோரியனின் பெட்ரோல் இன்ஜின் கொடுக்கும் 130 குதிரைத்திறனை வாட்டாக மாற்றினால் 97 ஆயிரம். அந்த மாதிரி 12,000 இன்ஜினுக்கு மேல் சேர்த்து ஓட்டினால்தான் 1.21 ஜிகாவாட் வரும். பெரிய அணு உலை ஒன்று கொடுக்கும் மின்சாரமே சுமார் 1 ஜிகாவாட்தான். அதனால்தான் டாக்டருக்குப் புளுட்டோனியம் தேவைப்படுகிறது. லிபியக் கும்பல் ஒன்று அணுகுண்டு செய்து தரச் சொல்லிக் கொடுத்த புளுட்டோனியத்தை அமுக்கிக்கொண்டு, பழைய பின்பால் மெஷின் உதிரி பாகங்களை ஒரு உறையில் போட்டு அவர்களிடம் தள்ளிவிடுகிறார்.

இங்கே ஒரு ஓட்டை. புளுட்டோனியம் வெப்பத்தைக் கொடுக்கும், மின்சாரத்தை நேரடியாகக் கொடுக்காது. அணு மின்நிலையத்தில் அந்த வெப்பத்தில் தண்ணீரைக் கொதிக்க வைத்து, நீராவியில் டர்பைனைச் சுற்றித்தான் மின்சாரம் எடுக்கிறார்கள். காரின் பின்பக்கம் டர்பைனும் இல்லை, கூலிங் டவரும் இல்லை. டர்பைன் இல்லாமல் புளுட்டோனியத்திலிருந்து மின்சாரம் எடுக்கும் கருவி நிஜத்தில் உண்டு. விண்கலங்களில் வைப்பார்கள், ஆனால் அது தரும் அளவைப் பாருங்கள்: செவ்வாயில் ஓடும் கியூரியாசிட்டி ஊர்தியில் இருப்பது புதிதாக இருந்தபோது கொடுத்தது சுமார் 110 வாட். இரண்டு பழைய குண்டு பல்பு எரியும். அதை வைத்து 1.21 ஜிகாவாட் வேண்டுமென்றால் ஒரு கோடிக்கு மேல் கருவிகளைக் காரில் ஏற்ற வேண்டும்.

சரி, இப்போது எனக்குப் பிடித்த இடம். வாட் என்பது ஆற்றல் இல்லை, ஆற்றல் செலவாகும் விகிதம். கரண்ட் பில்லில் வருவது யூனிட், அதாவது வாட்டை நேரத்தால் பெருக்கியது. டாக்டர் 1.21 ஜிகாவாட் வேண்டும் என்கிறார், எவ்வளவு நேரத்துக்கு என்று சொல்லவே இல்லை! எல்லாம் அதில்தான் இருக்கிறது. ஒரு நொடிக்கு என்றால் 121 கோடி ஜூல், 336 யூனிட். நடுத்தரக் குடும்பம் ஒன்று இரண்டு மாதம் ஓட்டும். ஆனால் 1985-இலிருந்து அந்தக் காரில் 1955-க்குப் போய் மாட்டிக்கொள்ளும் மார்ட்டி என்ற பையனைத் திருப்பி அனுப்ப, புளுட்டோனியம் கிடைக்காமல் அவர் நம்புவது மின்னலை. மின்னலின் ஒரு வீச்சில் பெரும் மின்னோட்டம் பாய்வது சில பத்து மைக்ரோநொடிதான். 30 மைக்ரோநொடி என்று வைத்துப் பெருக்குங்கள். 36 ஆயிரம் ஜூல், அதாவது 10 வாட்-மணி. உங்கள் கையில் இருக்கும் ஃபோன் பேட்டரியில் பாதி.

நம்ப முடியவில்லை அல்லவா? நானும் முதல்முறை தப்பாகப் போட்டுவிட்டேனோ என்று மறுபடி போட்டுப் பார்த்தேன். கணக்கு சரிதான். இன்னொன்றும் பாருங்கள். ஆளும் கருவியும் இல்லாத வெறும் டிலோரியன் சுமார் 1,230 கிலோ. அது 88 மைல் வேகத்தில் ஓடும்போது அதன் இயக்க ஆற்றல் ஏறத்தாழ 9.5 லட்சம் ஜூல். அந்த மின்னல் கணக்கில் 25 மடங்குக்கு மேல். அணு, மின்னல் என்று இவ்வளவு அமர்க்களத்துக்கு நடுவில், அதிக ஆற்றலைக் கொடுத்தது எல்லோரும் கேலி செய்த அந்தப் பெட்ரோல் இன்ஜின்!

அப்படியென்றால் மின்னல் எதற்கு? வேகமாகக் கொடுப்பதற்கு. ஃபோன் பேட்டரியில் 36 ஆயிரம் ஜூல் இருக்கலாம், அதை 30 மைக்ரோநொடியில் வெளியே எடுக்க முடியாது. மின்னலால் முடியும். சாதாரண மின்னல் வீச்சின் உச்ச மின்னோட்டம் சுமார் 30,000 ஆம்பியர். அது ஃப்ளக்ஸ் கெப்பாசிட்டர் வழியே போகும்போது 1.21 ஜிகாவாட் செலவாக வேண்டும் என்றால் பெட்டியின் மின்தடை 1.3 ஓம் இருந்தால் போதும். இரண்டு முனைக்கும் நடுவில் 40 ஆயிரம் வோல்ட் நிற்கும். கஷ்டமான எண்கள்தான், ஆனாலும் உயர் அழுத்த ஆய்வகத்தில் பார்க்கக்கூடியவை. சேமித்து வைத்துச் சட்டென்று விடும் வேலையை நிஜத்தில் செய்வது கெப்பாசிட்டர்தான் என்பதால், பெயரில் பாதி சரியாகவே அமைந்துவிட்டது. அமெரிக்காவின் நியூ மெக்சிகோவில் சாண்டியா ஆய்வுக்கூடத்தில் ‘இசட் மெஷின்’ என்று ஒன்று இருக்கிறது. எண்ணெய்த் தொட்டிக்குள் வரிசை வரிசையாகக் கெப்பாசிட்டர்கள். மெதுவாக ஏற்றிக்கொண்டு, மொத்தத்தையும் நொடியின் கோடியில் ஒரு பங்கு என்ற கணக்கில் கொட்டும். அந்தக் கணத்தில் அதன் மின்திறன் சுமார் 80 டெராவாட். டாக்டர் கேட்டதைப் போல 60 ஆயிரம் மடங்கு. ஆக 1.21 ஜிகாவாட் எட்டாக்கனி ஒன்றும் இல்லை. அதைக் காரில் வைப்பதுதான் சிக்கல்.

இவ்வளவு சரியாக வரும் மின்னல் காட்சியில், நேரக் கணக்கு மட்டும் உதைக்கிறது. 1955 நவம்பர் 12, இரவு 10:04-க்கு ஹில் வேலி ஊரின் நீதிமன்றக் கட்டடத்துக் கடிகாரத்தில் மின்னல் விழப்போகிறது என்று ஒரு துண்டுத்தாள் மூலம் தெரியும். கோபுரத்திலிருந்து கம்பி இழுத்துத் தெருவுக்குக் குறுக்கே கட்டிவிடுகிறார்கள். காரின் பின்னால் கொக்கி போட்ட கம்பம். கொக்கி கம்பியைத் தொடும் கணமும் மின்னல் இறங்கும் கணமும் ஒன்றாக இருக்க வேண்டும். 30 மைக்ரோநொடியில் கார் நகர்வது ஒரு மில்லிமீட்டர் சொச்சம்! ஆனால் நின்றுபோன கடிகாரம் காட்டுவது 10:04 என்ற நிமிடத்தை மட்டும்தான். ஒரு நிமிடத்தில் 60 நொடி, அந்த வேகத்தில் கார் 2.3 கிலோமீட்டர் போய்விடும். இது போதாதென்று அலாரம் அடித்த பிறகு கார் ஸ்டார்ட் ஆகாது. மார்ட்டி வெறுத்துப்போய் ஸ்டியரிங்கில் தலையை முட்டிக்கொண்டதும்தான் இன்ஜின் பிடிக்கும். தாமதமாகக் கிளம்பியும் சரியான கணத்தில் போய்ச் சேர்கிறான். தியேட்டரில் உட்கார்ந்திருக்கும்போது இதெல்லாம் யாருக்குத் தோன்றும்? எனக்கே நாலாவது முறை பார்க்கும்போதுதான் உறைத்தது.

‘கார் காலத்தில் மட்டும் நகர்ந்தால் பூமி அதைவிட்டுப் போய்விடாதா?’ என்று அடிக்கடி கேட்பார்கள். பூமி சூரியனை நொடிக்கு 30 கிலோமீட்டர் வேகத்தில் சுற்றுகிறது. முதல் சோதனையில் ஐன்ஸ்டீன் என்ற நாயை ஏற்றி ஒரு நிமிடம் முன்னால் அனுப்புகிறார்கள். அதற்குள் பூமி 1,800 கிலோமீட்டர் தள்ளிப் போயிருக்கும், நாய் விண்வெளியில் அல்லவா இறங்க வேண்டும்? இந்தக் கேள்வியை நான் படத்தின் தப்பாக எடுத்துக்கொள்ள மாட்டேன். ‘அதே இடம்’ என்றால் எதை வைத்து அதே இடம்? சூரியனை வைத்தா? சூரியனும் பால்வெளியைச் சுற்றிக்கொண்டுதான் இருக்கிறது. அண்டத்தில் ஆணி அடித்து வைத்த இடம் என்று ஒன்று கிடையாது என்பதுதான் நாய்க்குப் பெயர் கொடுத்த அந்தப் பெரியவர் 1905-இல் சொன்னது. கார் பூமியை ஒட்டியே வருகிறது என்று வைத்துக்கொண்டால் முடிந்தது.

வேகத்துக்கும் காலத்துக்கும் நிஜமாகவே தொடர்பு உண்டா? உண்டு. ஓடும் கடிகாரம் நிற்கும் கடிகாரத்தைவிட மெதுவாகப் போகும். 1971-இல் ஹாஃபலே, கீட்டிங் என்ற இருவர் சீசியம் அணுக் கடிகாரங்களைச் சாதாரணப் பயணிகள் விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றி வந்து இதைச் சோதித்தார்கள். கிழக்கே போனவை தரையில் இருந்த கடிகாரத்தைவிட சுமார் 59 நானோநொடி பின்தங்கின. மேற்கே போனவை 273 நானோநொடி முந்தின. முந்தியதற்குக் காரணம் இரண்டு: பூமியின் சுழற்சிக்கு எதிர்த்திசையில் பறந்தது ஒன்று, உயரத்தில் ஈர்ப்பு கொஞ்சம் குறைவாக இருப்பது இன்னொன்று. ஜிபிஎஸ் செயற்கைக்கோள் கடிகாரங்கள் வேகம், ஈர்ப்பு என்ற இரண்டு விளைவும் சேர்ந்து நாளுக்கு 38 மைக்ரோநொடி முந்தும். அதைத் திருத்தாவிட்டால் ஃபோனில் மேப் உருப்படாது.

டிலோரியனை 88 மைலில் ஒரு மணி நேரம் விடாமல் ஓட்டினால் எவ்வளவு எதிர்காலத்துக்குப் போகலாம்? நொடியின் லட்சம் கோடியில் 31 பங்கு. அந்த நேரத்துக்குள் ஒளிகூட ஒரு சென்டிமீட்டர் தாண்டியிருக்காது.

பின்னால் போவதுதான் பெரும் பாடு. 1949-இல் கர்ட் கோடல் ஐன்ஸ்டீன் சமன்பாட்டுக்கே ஒரு தீர்வு கண்டுபிடித்தார். முழுக்கச் சுழலும் அண்டம் ஒன்றில், போன பாதையில் சுற்றி வந்து நேற்றைக்கே சேரலாம் என்று அது காட்டியது. நம் அண்டம் அப்படிச் சுழல்வதாகத் தெரியவில்லை. 1974-இல் ஃபிராங்க் டிப்ளர் பயங்கர வேகத்தில் சுழலும் உருளை ஒன்றை வைத்துக் கணக்குப் போட்டார். அந்த உருளைக்கு நீளம் முடிவே இல்லாமல் இருக்க வேண்டும். 1988-இல் கிப் தோர்னும் மாரிஸ், யுர்ட்ஸெவர் ஆகியோரும் புழுத்துளையை, அதாவது தூரமான இரண்டு இடங்களைச் சேர்க்கும் குறுக்குவழிச் சுரங்கத்தை வைத்து ஒரு வழி சொன்னார்கள். அதன் ஒரு வாயை வேகமாக இழுத்துக்கொண்டு போய்த் திரும்பக் கொண்டுவந்தால் இரண்டு வாய்க்கும் நடுவில் கால வித்தியாசம் விழும். ஆனால் வாய் மூடிக்கொள்ளாமல் இருக்க எதிர்ம ஆற்றல் வேண்டும், அதைத் தேவையான அளவுக்குச் செய்ய யாருக்கும் வழி தெரியாது. இப்படி எதைச் செய்தாலும் இயற்கை குறுக்கே வந்து தடுக்கும் என்பது 1992-இல் ஸ்டீபன் ஹாக்கிங் முன்வைத்த ஊகம்.

புழுத்துளை வழியில் இன்னொரு நிபந்தனை இருக்கிறது. இயந்திரம் உருவாவதற்கு முந்திய நாளுக்குப் போக முடியாது. 1985-இல் முடிந்த கார் 1955-க்குப் போவது அந்தக் கணக்கில் நடக்கவே நடக்காது. ஃப்ளக்ஸ் கெப்பாசிட்டருக்கு இந்தத் தடை இல்லை. ஏன் இல்லை என்று கேட்டால், பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று சொல்லாததால்!

கதாசிரியர்கள் புத்திசாலிகள். விளக்கியிருந்தால் பத்து வருடத்தில் எவனாவது தப்பு கண்டுபிடித்திருப்பான். விளக்காமல், போட்ட விதியை மட்டும் விடாமல் பிடித்துக்கொண்டார்கள். முதல் பாகத்தின் முடிவிலேயே புளுட்டோனியத்துக்குப் பதில் வீட்டுக் குப்பையைப் போட்டால் ஓடும் ‘மிஸ்டர் ஃபியூஷன்’ வந்துவிடும், வாழைப்பழத் தோலே போதும். அதோடு பிரச்சினை தீர்ந்தது என்று நினைத்தால், மூன்றாம் பாகத்தில் 1885-இல் பெட்ரோல் டியூப் கிழிந்து எரிபொருள் முழுவதும் ஒழுகிவிடும். கெப்பாசிட்டர் நன்றாக இருக்கிறது, மின்சாரமும் தயார். ஆனால் சக்கரத்தைச் சுற்றுவது இன்னும் அந்தப் பழைய பெட்ரோல் இன்ஜின்தான், 1885-இல் பங்க்குக்கு எங்கே போவது? குதிரையைக் கட்டி இழுத்துப் பார்க்கிறார்கள். விஸ்கியை ஊற்றிப் பார்க்கிறார்கள், இன்ஜினில் பாகம் தெறித்ததுதான் மிச்சம். கடைசியில் நீராவி ரயில் இன்ஜினைக் கடத்தி, பின்னாலிருந்து காரைத் தள்ள விட்டு 88 மைலைத் தொடுகிறார்கள். மின்சாரம் கிடைத்துவிட்டது, வேகத்தை விட்டுவிடலாம் என்று அவர்கள் ஏமாற்றவில்லை. எனக்கு மூன்று படத்திலும் மிகவும் பிடித்தது இந்த நேர்மைதான்.

அந்தப் பெட்டியில் கவனிக்க வேண்டியது இன்னும் ஒன்று இருக்கிறது. கண்ணாடி மேல் சின்ன பிளாஸ்டிக் பட்டை லேபிள்கள் ஒட்டியிருக்கும். ஒன்று, வெளிச்சத்திலிருந்து கண்ணைக் காத்துக்கொள்ளச் சொல்வது. மற்றொன்று, திறப்பதற்கு முன் கெப்பாசிட்டர் இணைப்பைத் துண்டிக்கச் சொல்வது. இரண்டாவது லேபிளை எழுதியவர் கெப்பாசிட்டரைக் கையாண்டவராக இருக்க வேண்டும் என்று நினைத்துக்கொள்வேன். கல்லூரி நாட்களில் பழைய ஃபிலிம் கேமரா ஒன்றைப் பிரித்தேன். பேட்டரியைக் கழற்றியாயிற்று, இனி என்ன என்ற தைரியம். ஃப்ளாஷுக்கான கெப்பாசிட்டர் 300 வோல்ட்டோடு அப்படியே காத்துக்கொண்டிருந்தது. தெரியாமல் ஸ்குரூடிரைவர் பட்டது, பட்டாசு மாதிரி ஒரு சத்தம். அதில் இருந்தது ஐந்தாறு ஜூல்தான். ஸ்குரூடிரைவர் இன்னும் மேஜை டிராயரில் கிடக்கிறது, நுனியில் எறும்பு கடித்த மாதிரி ஒரு குழி.